பாக்குக் கறையும் ஒளிவட்டமும்

போன மாதம் ஒரு சாயங்காலம். எங்கள் மாலை வகுப்புக்கு வரும் பதினொன்றாம் வகுப்புப் பிள்ளை ஒருத்தி, மற்றவர்கள் எல்லாம் கிளம்பிய பிறகும் போகாமல் நின்றாள். நோட்டுக்குள் மடித்து வைத்திருந்த ஒரு தாளை எடுத்து நீட்டினாள்.

"அக்கா, இது மாறுமாக்கா?"

வழவழப்பான தாள். நடுவில் அவள் போட்டோ. தலையைச் சுற்றியும் தோளைச் சுற்றியும் பழுப்பும் சாம்பலும் மங்கிய சிவப்புமாக ஒரு புகை மூட்டம். கீழே கட்டம் போட்டு அச்சடித்திருந்தார்கள். கோபம்: அதிகம். பயம்: அதிகம். பொறாமை: நடுத்தரம். ஆன்மிகத் தூய்மை: குறைவு. கடைசியில் பரிந்துரை என்று இரண்டு வரி. அசைவ உணவைத் தவிர்க்க வேண்டும், தினமும் இருபது நிமிடம் தியானம் செய்ய வேண்டும்.

அவள் பள்ளியில் ஆளுமை வளர்ச்சி முகாம் நடந்திருக்கிறது. பள்ளியின் பெயர் வேண்டாம். அவள் இன்னும் அங்கேதான் படிக்க வேண்டும். வெளியிலிருந்து வந்த பயிற்சியாளர் ஒரு பெட்டியும் கேமராவும் கொண்டு வந்தாராம். பெட்டி மேல் இரண்டு கைகளையும் வைத்தால் 'ஆரா' தெரியுமாம். தலைக்கு இருநூறு ரூபாய். மனதில் இருக்கும் உணர்ச்சி எல்லாம் நிறமுள்ள ஒளியாக உடம்பைச் சுற்றி நிற்கிறது, சாதாரணக் கண்ணுக்குத் தெரியாது, கருவிக்குத் தெரியும் என்று அரை மணி நேரம் பேசியிருக்கிறார். வெளிர் நீலம் வந்த நாலு பேரை மேடைக்குக் கூப்பிட்டுக் கைதட்டச் சொல்லியிருக்கிறார். இவளைப் பார்த்து, "வீட்டுல கறி அடிக்கடி எடுப்பீங்களா?" என்று கேட்டிருக்கிறார்.

"நம்ம காலனிப் பிள்ளைங்க மூணு பேருக்கும் இதே கலர்தாங்க்கா வந்துச்சு" என்றாள். பிறகு சத்தம் குறைந்து, "எனக்கு நெஜமாவே கோவம் ஜாஸ்திதாங்க்கா" என்றாள்.

எனக்கு அந்தத் தாளைக் கிழித்துப் போட வேண்டும் போல இருந்தது. போடவில்லை. இருநூறு ரூபாய்த் தாள் அது. இருநூறு ரூபாய் என்றால் அவள் அம்மாவுக்கு எவ்வளவு பாக்கு என்று எனக்குத் தெரியும்.

வாழப்பாடியைத் தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். சேலத்திலிருந்து ஆத்தூர் போகிற சாலையில் இருக்கிறது எங்கள் ஊர். மரவள்ளியும் மஞ்சளும் போல பாக்கும் எங்கள் பக்கத்துப் பயிர். தோப்பு ஒருவருடையது, உரிக்கிற கை இன்னொருவருடையது. சீசனில் பச்சைப் பாக்கு மூட்டை மூட்டையாக வந்து இறங்கும். எங்கள் தெருப் பெண்கள் விடியற்காலையில் உட்கார்ந்தால் இருட்டும் வரை உரிப்பார்கள். கூலி எடைக் கணக்கு. லீவு நாளில் பிள்ளைகளும் கூட உட்காரும். பச்சைப் பாக்கில் துவர்ப்பு இருக்கிறதே, அது டானின். தோல் பதனிடுவதற்கு ஆவாரம் பட்டையிலிருந்து எடுப்பதும் டானின்தான். மாட்டுத் தோலை இறுக்குகிற சரக்கு மனிதத் தோலை மட்டும் விட்டுவிடுமா? விரல் முதலில் மஞ்சளாகும், பிறகு பழுப்பு, பிறகு கறுப்பு. உள்ளங்கை காய்ந்து பலகை மாதிரி ஆகிவிடும். எலுமிச்சம்பழம் தேய்த்தாலும் போகாது. எனக்கே கல்லூரி சேர்ந்த முதல் மாதம் பேருந்தில் மேல் கம்பியைப் பிடிக்கக் கூச்சமாக இருக்கும்.

அந்தப் பெட்டி மேல் வைத்தது அந்தக் கைகளைத்தான்.

இந்தக் கருவி செய்கிற வேலையில் மர்மம் ஒன்றும் இல்லை. கை வைக்கிற தட்டில் உலோகப் புள்ளிகள் இருக்கின்றன. அவை தோல் வழியாக மின்சாரம் எவ்வளவு எளிதாகப் போகிறது என்பது போன்ற அளவுகளை எடுக்கின்றன. வியர்த்த, ஈரமான, மெல்லிய தோலில் அது எளிதாகப் போகும். காய்ந்து காய்த்துப்போன தோலில் தடுக்கும். வருகிற எண்ணுக்கு ஒரு நிறம் என்று மென்பொருள் எழுதியவர் முன்கூட்டியே முடிவு செய்து வைத்திருக்கிறார். கேமரா எடுப்பது வெறும் முகப்படம். அதன் மேல் நிறத்தைப் பூசுவது கணினி. ஒளிவட்டத்தை யாரும் படம் பிடிக்கவே இல்லை.

இதற்கு ஒரு மூதாதை உண்டு. 1939-ல் சோவியத் நாட்டின் கிராஸ்னோடார் நகரத்தில் செம்யோன் கிர்லியான் என்ற மின்பணியாளர், உயர் அழுத்த மின்சாரம் பாயும் தகட்டின் மேல் ஃபிலிமை வைத்து, அதன் மேல் கையை வைத்துப் படம் எடுத்தார். விரலைச் சுற்றி அழகான ஒளி. உயிராற்றல் என்றார்கள், ஆன்மா என்றார்கள். 1976-ல் 'சயின்ஸ்' இதழில் வந்த ஆய்வு, அந்த ஒளி மாறுவதற்குப் பெரும்பாலும் காரணம் பொருளில் இருக்கும் ஈரப்பதம் என்று காட்டியது. ஈரம் கூடினால் ஒரு மாதிரி, குறைந்தால் வேறு மாதிரி.

எனக்குச் சந்தேகம் வந்தால் சும்மா இருக்க மாட்டேன். சேலத்தில் ஒரு பொருட்காட்சியில் இதே மாதிரிப் பெட்டி இருப்பதாகத் தோழர் ஒருவர் சொன்னார். போனேன். கையை நன்றாகத் துடைத்துவிட்டு ஒருமுறை. பிறகு வெளியே வந்து ஐஸ் போட்ட சர்பத் கிளாஸைப் பத்து நிமிடம் இரண்டு கையாலும் பிடித்திருந்துவிட்டு, ஈரம் காய்வதற்குள் இன்னொருமுறை. முதல் படத்தில் நான் ஆரஞ்சு கலந்த பழுப்பு. இரண்டாவதில் பச்சையும் ஊதாவும். ஒரு சர்பத்துக்கு இவ்வளவு ஆன்மிக முன்னேற்றமா என்று கடைக்காரத் தம்பியிடம் கேட்டேன். "மெஷின் சொல்றதுதாங்க நாங்க சொல்றோம்" என்றார். அவரும் சம்பளத்துக்கு நிற்கிறவர். விட்டுவிட்டேன்.

கருவி பொய் என்று சொல்வது எளிது. எனக்கு உறுத்தியது அந்தத் தாளில் இருந்த பட்டியல். பழுப்பு என்றால் சுயநலம், பேராசை. சாம்பல் என்றால் பயம், சோர்வு. பச்சையும் பழுப்பும் கலந்தால் பொறாமை. கறுப்பு என்றால் வன்மம். வெளிர் நீலம் உயர்ந்த ஆன்மிகம். மஞ்சள் அறிவு. ரோஜா நிறம் தூய அன்பு. இந்த அகராதியை எழுதியது யார்?

தேடிப் போனால் அமெரிக்காவுக்கோ இமயமலைக்கோ போக வேண்டியிருக்கவில்லை. அடையாறிலேயே நின்றுவிட்டது.

பிரம்மஞான சபையின் அன்னி பெசன்ட்டும் சி.டபிள்யூ. லெட்பீட்டரும் சேர்ந்து எழுதிய 'தாட் ஃபார்ம்ஸ்' என்ற புத்தகம் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வந்தது. எண்ணங்களுக்கும் உணர்ச்சிகளுக்கும் வடிவமும் நிறமும் உண்டு, பயிற்சி பெற்ற ஞானக்கண்ணுக்கு அவை தெரியும் என்பது அதன் வாதம். முகப்பில் 25 நிறங்களைக் கட்டம் கட்டி, ஒவ்வொன்றுக்கும் ஒரு உணர்ச்சியைப் பெயரிட்டு ஒரு அட்டவணை இருக்கிறது. எங்கள் பிள்ளையின் தாளில் இருந்த பட்டியலை அதன் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். அக்கா தங்கை ஜாடை.

படங்கள் அழகானவை என்பதையும் சொல்லிவிட வேண்டும். தேவாலயத்தில் இசை ஒலிக்கும்போது கூரைக்கு மேல் மலைபோல நிறங்கள் எழும்புகிற படங்கள் அதில் உண்டு. காண்டின்ஸ்கி மாதிரி ஓவியர்களை அந்தப் புத்தகம் கவர்ந்ததில் ஆச்சரியமில்லை. கற்பனை என்று சொல்லிக் கொடுத்திருந்தால் நானும் சுவரில் ஒட்டியிருப்பேன். அவர்கள் விஞ்ஞானம் என்று கொடுத்தார்கள்.

அந்த விஞ்ஞானம் உணர்ச்சியோடு நிற்கவும் இல்லை. 1902-ல் லெட்பீட்டர் வெளியிட்ட 'மேன் விசிபிள் அண்ட் இன்விசிபிள்' நூலில் மனிதர்களையே ஏணியில் ஏற்றியிருக்கிறார். அடிப்படியில் 'காட்டுமிராண்டி'யின் சூட்சும உடல், அழுக்கு நிறங்களோடு. அதற்கு மேல் சராசரி மனிதன். அதற்கு மேல் வளர்ச்சி பெற்றவன். உச்சியில் ஒளி வீசும் ஞானி. படிக்கும்போது எங்கள் பள்ளி மேடையில் கைதட்டு வாங்கிய நாலு பேரும், கீழே உட்கார்ந்திருந்த இந்தப் பிள்ளையும் நினைவுக்கு வந்தார்கள்.

'மேன் அண்ட் ஹிஸ் பாடீஸ்' நூலில் பெசன்ட், தூய உணவு தூய உடலைக் கட்டும், இறைச்சியும் மதுவும் உடலைத் தடிக்கச் செய்யும், அது நுண்ணிய உடல்களையும் தொடும் என்று எழுதுகிறார். இது 1896. அடுத்து 1909-க்கு வாருங்கள். 'இந்தியன் ரெவ்யூ' இதழில் ஒடுக்கப்பட்ட வகுப்பாரின் முன்னேற்றம் பற்றி அதே பெசன்ட் ஒரு கட்டுரை எழுதுகிறார். நம் பிள்ளைகளை மற்றப் பிள்ளைகளோடு ஒரே வகுப்பறையில் உட்கார வைக்கக் கூடாது என்கிறார். காரணம், நம் உடம்பு நாற்றமடிக்கிறதாம். மதுவாலும் கடும் வாசனையுள்ள உணவாலும் கெட்டுப்போன உடம்பாம். தூய உணவும் தூய வாழ்க்கையுமாகச் சில தலைமுறைகள் போனால்தான் பக்கத்தில் உட்காரத் தகுந்ததாகுமாம். அம்பேத்கர் இதை மறக்கவில்லை. 1945-ல் 'காங்கிரசும் காந்தியும் தீண்டப்படாதவர்களுக்குச் செய்தது என்ன?' நூலில் இந்தக் கட்டுரையை எடுத்து வைக்கிறார். 1917-ல் பெசன்ட் தலைமையேற்ற கல்கத்தா காங்கிரஸ்தான் ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்காகத் தீர்மானம் போட்டது. அந்த விசித்திரத்தைக் காட்டத்தான் அவர் இதை எடுத்தார்.

பெசன்ட் ஆரா பார்த்துத்தான் அப்படி எழுதினார் என்று நான் சொல்லவில்லை. சாப்பாடு உடம்பைத் தீர்மானிக்கும், உடம்பு ஆன்மாவின் படியைத் தீர்மானிக்கும் என்று நம்புகிற தலைக்குள் வகுப்பறையைப் பிரிக்கிற யோசனை சிரமமில்லாமல் வந்து உட்காரும் என்கிறேன். "வீட்டுல கறி அடிக்கடி எடுப்பீங்களா?" என்று கேட்ட பயிற்சியாளர் இந்தப் புத்தகங்களைப் பார்த்திருக்கக்கூட மாட்டார். கேள்வி மட்டும் அவரிடம் வந்து சேர்ந்துவிட்டது.

இந்த இடத்தில் சில தோழர்கள் பிரம்மஞான சபையை ஒட்டுமொத்தமாகத் தூக்கி எறிவார்கள். என்னால் முடியாது. அதே சபையின் ஆல்காட்தான் 1894-ல் அடையாறில் நம் பிள்ளைகளுக்கு இலவசப் பள்ளி தொடங்கினார். 1898-ல் அயோத்திதாசப் பண்டிதர் அவரோடு கொழும்பு போய்ப் பஞ்சசீலம் ஏற்று வந்து, சென்னையில் சாக்கிய பௌத்த சங்கத்தைத் தொடங்கினார். இன்று அக்டோபர் 14 வந்தால் எங்கள் தெருவில் கட்டுகிற பௌத்தக் கொடி இருக்கிறதே, 1885-ல் இலங்கையில் உருவான அந்தக் கொடியின் வடிவத்தைத் திருத்தியதிலும் ஆல்காட்டுக்குப் பங்கு உண்டு. நீலம், மஞ்சள், சிவப்பு, வெள்ளை, காவி, கடைசியில் ஐந்தும் கலந்த பட்டை. புத்தரின் உடம்பிலிருந்து எழுந்த ஒளியின் நிறங்கள் என்பார்கள். கருணை, நடுவழி என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு பொருளும் சொல்வார்கள்.

அப்படியென்றால் நாமும் நிற ஒளியைத்தானே தெருவில் கட்டுகிறோம்? இந்தக் கேள்வி என்னை இரண்டு நாள் தூங்க விடவில்லை. எங்கள் சுவரெல்லாம் நீலம். என் துப்பட்டாவும் நீலம். கடைசியில் எனக்குப் பிடிபட்டது இவ்வளவுதான்: அந்தக் கொடியின் நிறத்தை யாரும் யார் தலைக்கு மேலும் பிடித்து, நீ இந்தப் பட்டை, நீ அந்தப் பட்டை என்று பிரித்து நிறுத்துவதில்லை. இது போதுமான பதிலா என்று எனக்கு இன்னும் நிச்சயமில்லை. மறுப்பு இருந்தால் எழுதுங்கள்.

நிறத்தால் மனிதரைப் பிரிப்பது அடையாறுக்கும் முந்தைய நோய். மணிமேகலையில் வஞ்சி மாநகரில் சமயவாதிகள் ஒவ்வொருவராகத் தங்கள் கொள்கையைச் சொல்கிற காதை உண்டு. அங்கே ஆசீவகவாதி, பிறப்பு ஆறு நிறம் என்கிறான். கறுப்பில் தொடங்கி வெள்ளையில் முடிகிற ஏணி. அந்த ஆறு நிறக் கணக்கு பாலி நூல்களில் பூரண காசியபரின் பெயரில் வருகிறது. ஆடு அறுப்பவர், பறவை பிடிப்பவர், மீன் பிடிப்பவர் எல்லாம் அவர் கணக்கில் கறுப்பு. அங்குத்தர நிகாயத்தில் ஆனந்தர் இதைப் புத்தரிடம் சொல்கிறார். புத்தர் முதலில் கேட்பது, இப்படிப் பிரிக்க இவருக்கு உலகம் முழுக்க ஒப்புதல் கொடுத்திருக்கிறதா என்று. இல்லை என்கிறார் ஆனந்தர். வேண்டாம் என்கிற ஏழையின் கையில் இறைச்சித் துண்டைத் திணித்து, சாப்பிட்டுவிட்டுக் காசும் கொடு என்று கேட்பது போல இருக்கிறது இது என்கிறார் புத்தர். இருநூறு ரூபாய் வாங்கிக்கொண்டு பழுப்பு நிறத்தைக் கையில் திணித்தார்களே, அதற்கு இதைவிடப் பொருத்தமான உவமை எனக்குத் தெரியவில்லை.

மகாபாரதத்து சாந்தி பருவத்திலும் ஒரு உரையாடல் உண்டு. பிராமணர் வெள்ளை, சத்திரியர் சிவப்பு, வைசியர் மஞ்சள், சூத்திரர் கறுப்பு என்கிறார் பிருகு. நம்மைக் கணக்கிலேயே சேர்க்கவில்லை, அது வேறு. பரத்வாஜர் திருப்பிக் கேட்கிறார்: ஆசை, கோபம், பயம், பேராசை, துக்கம், கவலை, பசி, களைப்பு எல்லாம் எல்லோருக்கும் பொதுவாயிற்றே, பிறகு வருணம் எதை வைத்துப் பிரிகிறது? எல்லா உடம்பிலும் வியர்வை ஒழுகுகிறதே என்றும் கேட்கிறார். கேட்டவர் நம் ஆள் இல்லை. கேள்வி நமக்கு உதவுகிறது.

இதையெல்லாம் அந்தப் பிள்ளையிடம் ஒரே மூச்சில் கொட்டவில்லை. கொட்டினால் ஓடிவிடும். முதலில் அவளுடைய கோபத்தைப் பற்றித்தான் பேசினோம். எதற்கெல்லாம் கோபம் வருகிறது என்று கேட்டேன். எடை போடுகிறவர் தராசில் விரலை வைப்பதைப் பார்க்கும்போது வருமாம். வகுப்பில் உதவித்தொகைப் பட்டியலை எல்லோர் முன்னாலும் பேர் சொல்லிப் படிக்கும்போது வருமாம். அம்மாவை "ஏய்" என்று அவள் வயதுப் பையன் கூப்பிட்டபோது வந்ததாம். தியானத்தில் கரைய வேண்டிய கோபம் ஒன்றுகூட அந்தப் பட்டியலில் எனக்குத் தென்படவில்லை. கரைந்துவிட்டால் தராசை யார் பார்ப்பது?

அடுத்த சனிக்கிழமை வகுப்பில் எமிலி ரோசாவின் கதையைச் சொன்னேன். அமெரிக்காவில் ஒன்பது வயதுச் சிறுமி. உடம்பைச் சுற்றியுள்ள ஆற்றல் புலத்தைக் கையால் உணர்ந்து நோய் தீர்ப்பதாகச் சொல்லும் சிகிச்சைக்காரர்கள் அங்கே நிறையப் பேர். இவள் பள்ளி அறிவியல் செயல்திட்டத்துக்காக ஒரு அட்டைத் தடுப்பு செய்தாள். தடுப்பின் ஓட்டை வழியாக அவர்கள் இரண்டு கைகளையும் நீட்ட வேண்டும். இவள் நாணயம் சுண்டிப் போட்டு, ஏதாவது ஒரு கைக்கு மேல் தன் கையைப் பிடிப்பாள். எந்தக் கை என்று சொன்னால் போதும். 21 பேர், 280 முறை. சரியாகச் சொன்னது 44 சதவீதம். குருட்டாம்போக்கில் சொன்னாலே பாதி சரியாக வரும். 1998-ல் இது அமெரிக்க மருத்துவக் கழகத்தின் இதழில் வந்தபோது எமிலிக்குப் பதினோரு வயது.

"ஒன்பது வயசா?" என்று ஒரு பையன் திரும்பத் திரும்பக் கேட்டுக்கொண்டிருந்தான்.

பிறகு நான் ஒன்றும் செய்யவில்லை. அவர்களே டீக்கடையிலிருந்து பழைய அட்டைப்பெட்டி வாங்கி வந்து இரண்டு ஓட்டை போட்டார்கள். வெளிர் நீலம் வந்த நாலு பேரில் ஒருத்தி, இவள் வகுப்புத் தோழி, முதல்முறையாக எங்கள் தெருவுக்குள் வந்திருந்தாள். அவள்தான் கையை நீட்டினாள். எங்கள் பிள்ளை நாணயம் சுண்டினாள். பாக்குக் கறை படிந்த கை மேலே, மருதாணி வைத்த கை கீழே. இருபது முறைக்கு ஒன்பது சரி.

மதிப்பெண் குறிக்கத் தாள் தேடினார்கள். அவள் நோட்டுக்குள்ளிருந்து அந்த வழவழப்புத் தாளை எடுத்துத் திருப்பிப் போட்டு, வெள்ளைப் பக்கத்தில் கோடு கிழித்து எண்களை எழுதினாள். தை மாதம் பள்ளி அறிவியல் கண்காட்சிக்கு இதைத்தான் வைக்கப் போகிறாளாம். புது அட்டை வாங்க அறுபது ரூபாய் ஆகுமாம். நாலு பேரும் பதினைந்து பதினைந்தாகப் போடுவதாகப் பேசிக்கொண்டார்கள்.